ஸ்வாலோஃபீல்டின் ஊர்க்கட்டுப்பாடு

லண்டனுக்கு மேற்கே ரெடிங் நகரம். அங்கிருந்து தெற்கே சில மைல் போனால் ஸ்வாலோஃபீல்ட் என்று ஓர் ஊர். பெர்க்‌ஷையர் மாவட்டம், கொஞ்ச தூரம் நடந்தால் ஹாம்ப்‌ஷையர் எல்லை வந்துவிடும். இங்கிலாந்தில் வறுமை குறைவாக உள்ள பகுதிகளை வரிசைப்படுத்தும்போதெல்லாம் முதல் சில இடங்களுக்குள் வந்துவிடும் வோக்கிங்ஹாம் நிர்வாகப் பகுதியைச் சேர்ந்த ஊர் இது. செங்கல் வீடுகள், ஓக் மரங்கள், வேலி போட்ட புல்வெளியில் மேயும் குதிரைகள், ஒரு பெரிய பூங்கா, அதற்குள் பழைய மாளிகை, மாளிகைக்குப் பக்கத்திலேயே தேவாலயம். காலண்டரில் அச்சடிக்கிற மாதிரியான இங்கிலாந்து.

நம் தோழர் ஒருவர் உதவித்தொகையில் ரெடிங்கில் படிக்கப் போயிருந்தார். ஒரு ஞாயிற்றுக்கிழமை அங்கே நடந்துபோய்ப் படங்களை அனுப்பினார். கூடவே ஒரு குரல்பதிவு: “தோழர், இங்க சேரி எந்தப் பக்கம்னு ரெண்டு மணி நேரமா தேடுறேன். கெடைக்கவே இல்ல.” எங்கள் படிப்பு வட்டத்தில் அதைப் போட்டுக் கேட்டபோது எல்லோரும் சிரித்தார்கள். சிரித்து முடித்த பிறகுதான் அது சரியான கேள்வி என்று உறைத்தது.

நாங்கள் எந்த ஊருக்கு வேலைக்குப் போனாலும் முதல் நாள் தரையில் கோலப்பொடியால் ஊரை வரையச் சொல்வோம். பெரும்பாலும் வயதான அம்மாக்கள்தான் வரைவார்கள். தண்ணீர் எந்தப் பக்கம் ஓடுகிறது, மேட்டில் யார், பள்ளத்தில் யார், மந்தைவெளி இப்போது யார் கையில், பிணம் எந்த வழியாகப் போகிறது? இந்தக் கேள்விகளுக்குப் பதில் தரையில் விழுந்துவிட்டால் பாதி வரலாறு வந்துவிடும். முதுகலை சமூகவியலில் நாங்கள் படித்த ராம்புராவும் ஸ்ரீபுரமும் கும்பபேட்டையும் வேறு யாரோ வந்து பார்த்து எழுதிய நம் ஊர்கள். ஸ்ரீபுரத்தை எழுதிய ஆந்த்ரே பெத்தேய் தங்கியிருந்தது அக்கிரகாரத்தில். ஒரு மாறுதலுக்கு நாம் அவர்கள் ஊரை வரைந்து பார்த்தால் என்ன என்று தோன்றியது. நாலு ஞாயிற்றுக்கிழமை போனது. அதில் கிடைத்ததை இங்கே எழுதுகிறோம்.

முதலில் தண்ணீர். லாடன் என்ற ஆறு தெற்கிலிருந்து வருகிறது. பிளாக்வாட்டர் என்ற இன்னோர் ஆறு இந்த ஊர்ப் பக்கம் வந்து அதில் கலக்கிறது. ஊர்ப் பெயரில் உள்ள ‘ஸ்வாலோ’வைப் பார்த்துத் தகைவிலான் குருவி என்று நினைக்கத் தோன்றும். ஆனால் அது வேகமாக ஓடும் தண்ணீரைக் குறிக்கும் பழைய ஆற்றுப் பெயர் என்கிறார்கள் பெயராய்வாளர்கள். ஆற்றங்கரைத் திறந்தவெளி என்று வைத்துக்கொள்ளலாம். களிமண்ணும் ஈரப்புல்லும் உள்ள தாழ்நிலம், மழை கூடினால் வெள்ளம். மாளிகை நிற்கும் பூங்காவை ஒட்டியே லாடன் ஓடுகிறது.

அடுத்தது எல்லை. இதில்தான் இந்த ஊரின் விசித்திரம் இருக்கிறது. 1844 வரை இந்த ஊரின் ஒரு பகுதி, சுற்றிலும் பெர்க்‌ஷையர் இருக்க, வெகு தொலைவில் மேற்கே உள்ள வில்ட்‌ஷையர் மாவட்டத்தைச் சேர்ந்ததாக இருந்தது. தாலுகா ஆபீஸ் பக்கத்தில் இருக்க, பட்டா மட்டும் வேறு மாவட்டத்தில் கிடப்பது போல. நியாயம் சொல்ல வேண்டிய நடுவர்கள் தூரத்தில் இருந்தார்கள். அதனால் 1596 டிசம்பரில் ஊரின் ‘முக்கியஸ்தர்கள்’ கூடி, நம்மை நாமே ஆண்டுகொள்வோம் என்று 26 விதிகள் எழுதி வைத்தார்கள். அந்தக் கையெழுத்துப்படி இன்று அமெரிக்காவில் ஹன்டிங்டன் நூலகத்தில் இருக்கிறது. ஸ்டீவ் ஹிண்டில் என்ற வரலாற்றாய்வாளர் 1999-இல் அதைப் பற்றி விரிவாக எழுதிய பிறகு, ஆங்கிலக் கிராம வரலாறு படிப்பவர்கள் அதைத் தாண்டிப் போக முடிவதில்லை.

அந்த விதிகளைப் படிக்கும்போது எங்களுக்கு உடம்பு சில்லிட்டது. தொடக்கத்தில் எல்லாம் அழகாகத்தான் இருக்கிறது. கூட்டத்தில் ஒருவர் பேசும்போது மற்றவர் குறுக்கே பேசக் கூடாது. மனதில் பகை வைத்துக்கொள்ளக் கூடாது. சண்டையை வழக்காடுமுன் ஊருக்குள்ளேயே தீர்க்கப் பார்க்க வேண்டும். நடந்ததையெல்லாம் ஒரு நோட்டில் எழுதி வைக்க வேண்டும். பாடப்புத்தகத்தில் கிராம ஜனநாயகத்துக்கு உதாரணமாகவே போடலாம். அப்புறம்தான் விஷயத்துக்கு வருகிறார்கள். ஏழைகள் தங்களைவிட மேலானவர்களோடு தங்களை ஒப்பிட்டுத் திமிராக நடந்தால், தங்கள் நிலைக்கு ஏற்றபடி நடக்கச் சொல்லி எச்சரிக்க வேண்டும். இருக்க வீடு இல்லாதவர்கள் கல்யாணம் செய்துகொள்ளாமல் பார்த்துக்கொள்ள வேண்டும். வெளியாளைக் குடிவைக்கக் கூடாது. வேலி முள்ளை ஒடித்து விறகுக்கு எடுப்பவர்களைக் கண்காணிக்க வேண்டும். கல்யாணம் ஆகாமல் பிறக்கும் குழந்தை ஊருக்குச் செலவு வைக்காமல் தடுக்க வேண்டும்.

விதி எழுதிய வருடத்தையும் பாருங்கள். 1594 தொடங்கி இங்கிலாந்தில் தொடர்ந்து மழையால் விளைச்சல் கெட்டு, தானிய விலை ஏறி, ஏழைகள் பட்டினி கிடந்த வருடங்கள் அவை. பசி வந்தபோது ஊர்ப் பெரியவர்களுக்கு முதலில் உறுத்தியது ஏழையின் திமிர்.

கட்டுப்பாட்டு நோட்டு என்பது எங்களுக்குப் புதிதல்ல. வேலைக்குப் போன ஓர் ஊரில் (பெயர் வேண்டாம்) அப்படி ஒரு நோட்டை நாங்களே கையில் வாங்கிப் பார்த்திருக்கிறோம். நாற்பது பக்க பள்ளிக்கூட நோட்டு. யார் எந்தக் கடையில் உட்கார்ந்தார், யார் துக்கத்துக்குப் பறையடிக்க வர மறுத்தார், அபராதம் எவ்வளவு என்று மணிமணியான கையெழுத்து. எழுதியவர் ஓய்வுபெற்ற ஆசிரியர். ஸ்வாலோஃபீல்ட் நோட்டை எழுதியவர்களும் அவரும் நேரில் சந்தித்திருந்தால் மொழி தெரியாமலேயே பேசிக்கொண்டிருப்பார்கள்.

ஆனால் இங்கே நிதானம் வேண்டும், தோழர்களே. அதுவும் இதுவும் ஒன்று என்று மேடையில் கைதட்டல் வாங்கலாம். அது உண்மையாகாது. ஸ்வாலோஃபீல்டின் ஏழை அதே தேவாலயத்தில்தான் உட்கார்ந்தான், பின் வரிசையில் என்றாலும். அதே மயானத்தில்தான் புதைக்கப்பட்டான். அவன் தொட்ட தண்ணீர் தீட்டாகவில்லை. ஓடிப்போய் ரெடிங்கில் துணி நெய்து காசு சேர்த்தால் அவன் பேரன் முக்கியஸ்தர் பட்டியலில் உட்கார முடிந்தது. விதிகள் எழுதி ஐந்து வருடத்தில், 1601-இல், ஏழைகளுக்குச் சோறு போடுவது அந்தந்த ஊரின் சட்டப்படியான கடமை என்று வரி வசூலிக்கும் சட்டம் உறுதியானது. அவமானத்தோடு கொடுக்கப்பட்ட சோறுதான். ஆனாலும் அவனை ஊரின் ஆள் என்று ஒப்புக்கொண்டு கொடுத்த சோறு. ஊருக்குள் அவனைக் கீழே வைத்தார்கள். நம்மை வைத்தது ஊருக்கு வெளியே. தோழர் சேரியைத் தேடிக் கிடைக்காததற்கு முதல் காரணம் இது.

இரண்டாவது காரணம் அவ்வளவு நல்லதல்ல. அந்த ஏழைகளே இப்போது அங்கே இல்லை. 1604-க்கும் 1914-க்கும் இடையே 5,200-க்கும் மேற்பட்ட வேலியடைப்புச் சட்டங்கள் போட்டு, சுமார் 68 லட்சம் ஏக்கர் பொது நிலத்தையும் திறந்த வயல்களையும் தனியார் கைக்கு மாற்றியது ஆங்கிலப் பாராளுமன்றம். மாடு மேய்த்த புறம்போக்கு, விறகு பொறுக்கிய தோப்பு, கதிர் அறுத்த பின் எல்லோரும் இறங்கிய வயல், எல்லாவற்றுக்கும் வேலி விழுந்தது. கூலியாகவே மிஞ்சியவர்கள் பிறகு நகரத்துக்கும் கப்பலுக்கும் போனார்கள். கூலிக்காரன் குடியிருந்த சின்ன வீட்டை இன்று வாங்க வேண்டுமென்றால் லண்டன் சம்பளம் வேண்டும்.

இனி மாளிகை. இப்போது நிற்கும் கட்டடம் 1689-ஐ ஒட்டிக் கிளாரெண்டன் பிரபுவுக்காக வில்லியம் டால்மன் என்ற கட்டடக் கலைஞர் கட்டியது. அது நமக்கு முக்கியமில்லை. அதைப் பிறகு வாங்கியவர் முக்கியம். அவர் பெயர் தாமஸ் பிட். 1698 முதல் 1709 வரை நம் சென்னை ஜார்ஜ் கோட்டையின் கவர்னர்.

பிட் முதலில் கம்பெனியின் அனுமதி இல்லாமல் திருட்டு வியாபாரம் செய்தவர். பிடித்துத் தண்டித்து அலுத்துப்போன கம்பெனி கடைசியில் அவரையே கவர்னராக்கியது. பதவியில் இருந்தபோது ஜாம்சந்த் என்ற வியாபாரியிடம் 48,000 பகோடாவுக்கு 410 காரட் பட்டை தீட்டாத வைரம் ஒன்றை வாங்கினார். கிருஷ்ணா நதிக்கரையில் கொல்லூர்ச் சுரங்கத்தில் எடுத்த கல் அது. வைரம் தோண்டிய அடிமை ஒருவன் தன் காலைக் கீறி அந்தப் புண்ணுக்குள் கல்லை மறைத்துக் கடற்கரைக்குத் தப்பி வந்தான், ஆங்கிலக் கப்பல் தலைவன் கல்லைப் பிடுங்கிக்கொண்டு அவனைக் கடலில் தள்ளினான் என்று ஒரு கதை சொல்வார்கள். நிரூபிக்கப்படாத கதை. ஆனால் அந்தச் சுரங்கத்தை நேரில் பார்த்த பிரெஞ்சு வியாபாரி தவெர்னியே, அங்கே ஆணும் பெண்ணும் குழந்தைகளுமாக அறுபதாயிரம் பேர் வேலை செய்ததாக எழுதியிருக்கிறார். அவர்களில் ஒருவர் பெயர்கூட நமக்கு வந்து சேரவில்லை. 1717-இல் பிட் அந்தக் கல்லை பிரெஞ்சு அரசப் பிரதிநிதிக்கு 1,35,000 பவுண்டுக்கு விற்றார். கல் இன்று பாரிஸில் லூவ்ர் அருங்காட்சியகத்தில். கொல்லூர் இன்று புலிசிந்தல அணைத் தண்ணீருக்கு அடியில். கையில் பணம் வந்த சில ஆண்டுகளில் பிட் ஸ்வாலோஃபீல்டை வாங்கினார். 1726-இல் அங்கேயே இறந்தார். அவர் பேரனும் கொள்ளுப்பேரனும் பிரிட்டனின் பிரதமர்கள்.

இதே பிட் சென்னையில் என்ன செய்தார்? 1707-இல் வலங்கை, இடங்கைச் சாதிகளுக்குள் எந்தத் தெரு வழியாக யார் கல்யாண ஊர்வலம் போவது என்று பெரிய கலவரம். பிட் தெருக்களைப் பிரித்து, இது உனக்கு, அது அவனுக்கு என்று எல்லைக்கல் நடச் செய்தார். வலங்கைக்காரர்கள் கோபித்துக்கொண்டு சாந்தோம் பக்கம் போய் உட்கார்ந்தார்கள். வலங்கையின் பின்னால் பறையர்களும் இடங்கையின் பின்னால் சக்கிலியர்களும் நிறுத்தப்பட்டிருந்தார்கள் என்பதை மறந்துவிட வேண்டாம். தெரு யாருடையது என்ற சண்டையில் அடிவாங்க முன்னால் நின்றவர்களுக்கு அந்தத் தெருவில் வீடு கிடையாது. அடுத்த வருடமே திருவொற்றியூர், நுங்கம்பாக்கம், வியாசர்பாடி, கத்திவாக்கம், சாத்தங்காடு என்று ஐந்து கிராமங்களை பிட் கம்பெனிக்கு வாங்கிச் சேர்த்தார். வியாசர்பாடியில் எங்கள் மாலைப் பள்ளிக்கு வரும் பிள்ளைகளிடம் இதைச் சொன்னபோது ஒரு பெண் கேட்டாள்: “அப்போ நம்ம ஏரியாவும் அந்த பங்களாவும் ஒரே ஓனரா அக்கா?” கம்பெனி வேறு, கவர்னர் வேறு என்று விளக்கலாம்தான். விளக்கவில்லை.

பிட் தன் பூங்காவில் குடியிருந்தபோதே, 1723-இல், கறுப்புச் சட்டம் என்று ஒன்று வந்தது. பெர்க்‌ஷையர் பக்கத்து வின்ட்சர் காட்டிலும் ஹாம்ப்‌ஷையரிலும் முகத்தில் கரி பூசிக்கொண்டு மான் வேட்டையாடியவர்களை அடக்கப் போட்ட சட்டம். கரி பூசிய முகத்தோடும் ஆயுதத்தோடும் காட்டில் பிடிபட்டாலே தூக்கு. நூறு வருடம் நீடித்தது. இ.பி. தாம்ப்சன் இதைப் பற்றி ஒரு முழுப் புத்தகமே எழுதியிருக்கிறார். சட்டம் படிக்கும் தம்பி தங்கைகள் தேடிப் படியுங்கள். அந்தச் சட்டத்தின் நிழல் நமக்குக் குற்றப்பரம்பரைச் சட்டமாக வந்து சேர்ந்ததா என்பது தனியாக எழுத வேண்டிய விஷயம்.

நூறு வருடம் கழித்து, 1820-இல், மாளிகை மறுபடியும் இந்தியப் பணத்துக்குக் கைமாறியது. வாங்கியவர் வங்காளத்தின் தலைமை நீதிபதியாக இருந்த ஹென்றி ரஸ்ஸல். இவர் விஷயத்தில் வரலாறு நம் வசதிக்கு வளைய மறுக்கிறது. 1808-இல் இந்தியர் ஒருவரின் குடிசைக்கு வேண்டுமென்றே தீ வைத்த வெள்ளைக்காரக் கம்பெனிப் படைப் பயிற்சியாளன் ஒருவனுக்கு இவர் மரண தண்டனை விதித்தார். இந்த நாட்டு மக்களின் உயிருக்கும் உடைமைக்கும் பாதுகாப்பு உண்டு என்று தீர்ப்பில் சொன்னார். 1968-இல் கீழ்வெண்மணியில் 44 பேர் குடிசைக்குள் எரிந்தார்கள். கார் வைத்திருக்கும் மிராசுதாரர்கள் நடந்துபோய்த் தீ வைத்திருப்பார்களா என்று சந்தேகப்பட்டு நம் உயர் நீதிமன்றம் அவர்களை விடுவித்தது. இரண்டையும் பக்கத்தில் வைத்துப் பார்க்கும்போது எங்களுக்கு வந்த கோபம் ரஸ்ஸல் மேல் அல்ல.

அவர் மகன், அதே பெயர்க்காரர், ஐதராபாத் நிஜாம் அரசவையில் கம்பெனியின் ரெசிடென்ட். முந்தைய ரெசிடென்ட் கிர்க்பாட்ரிக்கின் மனைவி கைருன்னிசாவோடு, அவர் விதவையான பிறகு பழகி, பிறகு கைவிட்டவர். அந்தப் பெண்ணின் இரண்டு குழந்தைகளையும் 1805-இல் சென்னையில் கப்பல் ஏற்றுவதற்கு முன் ஜார்ஜ் சின்னரி என்ற ஓவியர் படம் வரைந்தார். அந்தப் படம் எப்படியோ ரஸ்ஸலிடம் வந்து ஸ்வாலோஃபீல்டில் மாட்டியிருந்தது. வளர்ந்து பெரியவளான மகள் கிட்டி ஒருநாள் அந்த வீட்டுக்கு விருந்தாளியாகப் போய், சுவரில் தன்னையே பார்த்துக் கண்கலங்கி நின்றாளாம். அவளும் அண்ணனும் அம்மாவைக் கடைசியாகப் பார்த்த காலத்துப் படம் அது.

ஐதராபாத்தில் ரஸ்ஸலின் நாற்காலிக்கு 1820-இல் வந்தவர் சார்லஸ் மெட்காஃப். அரசியல் சாசனம் படித்தவர்களுக்கு இந்தப் பெயர் மணி அடிக்கும். ரஸ்ஸல் காலத்தில் செழித்த பாமர் கம்பெனி நிஜாமுக்குக் கடன் கொடுத்துக் கொழுத்ததை அம்பலப்படுத்தியவர். அந்த நேர்மையாளர்தான் 1830-இல், இந்தியக் கிராமங்கள் தனக்குத் தேவையானதையெல்லாம் தானே வைத்துக்கொண்டு நிற்கும் சின்னஞ்சிறு குடியரசுகள் என்று ஒரு குறிப்பு எழுதினார். நூறு வருடத்துக்கு மேல் நம் தேசியவாதிகள் அதை வேதம்போல் ஓதினார்கள். 1948 நவம்பர் 4 அன்று அரசியல் நிர்ணய சபையில் அம்பேத்கர் மெட்காஃபின் பெயரைச் சொல்லியே அதை உடைத்தார். கிராமத்தைச் சாசனத்தின் அடித்தளமாக வைக்காமல் தனிமனிதரை வைத்ததற்காக மகிழ்கிறேன் என்றார்.

மெட்காஃப் பிறந்த வர்க்கத்துக்கு கிராமம் என்றால் ஸ்வாலோஃபீல்டின் மாளிகை மாடியிலிருந்து தெரியும் பச்சை. அந்தக் கண்ணோடு இங்கே வந்தவருக்கு ஊர் தெரிந்தது, சேரி தெரியவில்லை. ஸ்வாலோஃபீல்டுக்குச் சில மைல் வடக்கே ‘மூன்று மைல் கூட்டுரோடு’ என்று நாம் மொழிபெயர்க்கக்கூடிய ஒரு சிற்றூரில் வாழ்ந்த மேரி ரஸ்ஸல் மிட்ஃபோர்டு, 1824 முதல் ‘நம் கிராமம்’ என்ற பெயரில் எழுதிய சித்திரங்கள் இங்கிலாந்தின் கிராமக் கனவை அச்சில் ஏற்றின. அவர் கடைசியில் ஸ்வாலோஃபீல்டுக்குக் குடிவந்து 1855-இல் அங்கேயே புதைக்கப்பட்டார். பத்து வயதில் லாட்டரியில் 20,000 பவுண்டு விழுந்து, அப்பா அதையெல்லாம் ஊதித்தள்ள, எழுதிப் பிழைத்த பெண். அவர்மேல் எங்களுக்குப் பாசம்தான். ஆனால் 1830-இல் பெர்க்‌ஷையரிலும் ஹாம்ப்‌ஷையரிலும் கூலிக்காரர்கள் கதிரடிக்கும் எந்திரங்களை உடைத்து, சிறைக்கும் ஆஸ்திரேலியாவுக்கும் போனதை அந்தக் கனவு ஞாபகம் வைத்துக்கொள்ளவில்லை.

இப்போது மாளிகை தனித்தனிக் குடியிருப்புகளாகப் பிரிக்கப்பட்டுவிட்டது. எங்கள் வரைபடத்தில் பாக்கி இருந்த கேள்வி பாதை. தோழரிடம் கேட்டோம்: நீ எப்படி அந்தத் தோட்டம், புல்வெளி, பண்ணை எல்லாவற்றுக்கும் உள்ளே போனாய்? யாரும் தடுக்கவில்லையா? பொதுப் பாதை என்று பலகை வைத்திருக்கிறார்கள், அடுத்தவன் பட்டா நிலத்துக்குள்ளேயே போகும், பூட்ட முடியாது என்றார். அங்கே 1949-இல் ஒரு சட்டம் போட்டு, காலங்காலமாக மக்கள் நடந்துவந்த ஒவ்வோர் ஒற்றையடிப் பாதையையும் ஆதாரமான வரைபடத்தில் ஏற்றச் சொன்னார்கள். வரைபடத்தில் கோடு ஏறிவிட்டால் நிலம் கைமாறினாலும் பாதை மாறாது. கோடீஸ்வரன் வாங்கினாலும் நடப்பவன் நடப்பான். அதுவும் சும்மா வரவில்லை. 1932-இல் கிண்டர் ஸ்கவுட் மலையில் தொழிலாளி இளைஞர்கள் கூட்டமாக அத்துமீறி ஏறிச் சிறைக்குப் போன போராட்டம் அதற்கு முன்னால் நடந்திருக்கிறது.

2019-இல் வாணியம்பாடி அருகே பாதை மறுக்கப்பட்டு, பாலாற்றுப் பாலத்தின் மேலிருந்து ஒரு தலித்தின் உடலைக் கயிறு கட்டி இறக்கிய காட்சியை நாம் எல்லோரும் கைப்பேசியில் பார்த்தோம். நாங்கள் வேலை செய்யும் ஊர்களிலேயே, பெரியவர்கள் கோலப்பொடியில் தயங்காமல் போடும் சுடுகாட்டுப் பாதை அரசாங்க வரைபடத்தில் இல்லாத இடங்கள் உண்டு. கோடு இல்லாத இடத்தில் வேலி முளைக்கிறது. சில ஊர்களில் கோடு இருக்கிறது, யாரும் நகல் கேட்டதில்லை.

அடுத்த மாதப் பயிற்சிக்கு வருகிறவர்கள் உங்கள் ஊரின் கிராம வரைபடம், அ-பதிவேடு, சுடுகாட்டுப் புல எண்ணின் புலப்பட நகல் மூன்றையும் எடுத்து வாருங்கள். தர மறுத்தால் தகவல் அறியும் உரிமைச் சட்டத்தில் மனு போட்டு அந்த ரசீதோடு வாருங்கள். கோலப்பொடி நாங்கள் கொண்டுவருகிறோம்.